கவிதை ஏட்டிலிருந்து வெண்திரைக்கு: உஸ்மார் இஸ்மாயில்

படைப்பாளி தன் படைப்புகளுள் எதனை உயர்ந்ததென்று கருதுகின்றாரோ அதனையே மக்களும் நெஞ்சில் ஏற்பர் என்பதற்கு உறுதியில்லை. இந்தோனேசியத் திரைப்படத்தின் தந்தை எனப் போற்றப்பெறும் உஸ்மார் இஸ்மாயிலின் வாழ்வு இதற்குத் தக்க சான்றாகும். அவர் முதலில் கவிஞர், பின்னரே இயக்குநர்.

இளமையும் எழுத்தும்

மேற்குச் சுமத்திராவின் மலைநகரான புக்கிட்டிங்கியில் 1921 மார்ச் 20ஆம் நாள் உஸ்மார் பிறந்தார். தமையனார் அபு ஹனீபா மருத்துவர். எல் ஹகீம் என்னும் புனைபெயரில் நாடகங்களும் எழுதியவர். ஜப்பானியர் ஆட்சியின்போது ஜகார்த்தாவில் இருந்த பண்பாட்டு மையத்தில் உஸ்மார் பணியாற்றினார். கவிதைகளும் நாடகங்களும் புனைந்தார். தமையனாருடனும் நண்பர்களுடனும் சேர்ந்து ‘மாயா’ என்னும் நாடகக் குழுவைத் தொடங்கினார். ‘புகையும் கொள்ளித்துண்டு’ என்னும் பொருள்படும் ‘புந்துங் பெராசாப்’ அவருடைய கவிதைத் தொகுதியாகும்.

1945இல் விடுதலை அறிவிக்கப்பட்டபின் யோக்யகர்த்தா சென்று படைப்பிரிவிலும் இதழியலிலும் தொண்டாற்றினார். 1948இல் பேச்சுவார்த்தைச் செய்திகளைத் திரட்ட ஜகார்த்தாவுக்கு வந்தபோது டச்சு ஆட்சியாளர் அவரைச் சிறையிட்டனர்.

தமது என்று ஏற்ற முதற்படம்

விடுதலையான பின் 1949இல் வேறொரு நிறுவனத்திற்காக இரு படங்களை இயக்கினார். ஆயினும் தயாரிப்பாளரின் விருப்பத்திற்கு இணங்க நேர்ந்தமையால் அவற்றைத் தம்முடையன என்று கூற அவர் உள்ளம் ஒப்பவில்லை. எனவே ‘பெர்பினி’ என்னும் தம் சொந்த நிறுவனத்தை நிறுவினார். 1950 மார்ச் 30ஆம் நாள் ‘டாரா டான் டோவா’ (குருதியும் வேண்டுதலும்) படப்பிடிப்புத் தொடங்கியது. கவிஞர் சித்தோர் சித்துமோராங்கின் கதை அது. சிலிவாங்கிப் படையினர் யோக்யகர்த்தாவிலிருந்து மேற்கு ஜாவாவுக்கு நடந்த நெடும்பயணத்தை அது சித்திரித்தது. வீரர்களை வெறும் வீரர்களாகக் காட்டாமல் அச்சமும் ஆசையும் உடைய மனிதர்களாகக் காட்டியது. நடித்தோர் பெரும்பாலும் புதியவர்கள். கைப்பணமோ பாதியில் தீர்ந்தது. திரையரங்க உரிமையாளர் ஒருவரின் பொருளுதவியால் படம் நிறைவுற்றது.

பின்னர் அமெரிக்கா சென்று லாஸ் ஏஞ்சல்ஸ் பல்கலைக்கழகத்தில் திரைக்கலை பயின்று திரும்பினார். 1954இல் ‘லேவாட் ஜாம் மாலாம்’ (ஊரடங்கு நேரம் கடந்து) உருவாயிற்று. போர் ஓய்ந்தபின் ஊர் திரும்பும் விடுதலை வீரன், எந்த அறத்திற்காகப் போரிட்டானோ அவ்வறம் தன் தலைவனாலேயே விற்கப்பட்டதைக் கண்டு மனமுடைகின்றான். 1955இல் நடைபெற்ற முதல் இந்தோனேசியத் திரைப்பட விழாவில் சிறந்த படத்திற்கான பரிசை இது மற்றொரு படத்துடன் பகிர்ந்துகொண்டது.

விரும்பாத வெற்றி

பரிசு கடனைத் தீர்க்கவில்லை. அந்நாளில் அந்நாட்டு அரங்குகளை ஆட்டமும் பாட்டும் நிறைந்த இந்தியப் படங்கள் நிறைத்திருந்தன. அவற்றின் போட்டியைத் தாங்கவியலாத தயாரிப்பாளர்கள், அரசின் பாதுகாப்பை வேண்டி 1957இல் தம் படப்பிடிப்பு நிலையங்களை மூடியே எதிர்ப்புக் காட்டினர். நம் நாட்டுப் படங்களின் புகழ் பிறிதொரு நாட்டுக் கலைஞரின் அடுப்பை அணைத்த வரலாறு நாம் எண்ணிப் பார்க்கத்தக்கது.

இந்நெருக்கடியில் நிறுவனத்தைக் காக்க உஸ்மார் எடுத்த படமே ‘தீகா டாரா’ (கன்னியர் மூவர்). மூத்த பேத்திக்கு மணமகன் தேடும் பாட்டி, தாயற்ற சகோதரியர் மூவர், இனிய பாடல்கள் ஆகியன கலந்த எளிய கதை அது. 1957இல் திரைக்கு வந்து பெருவெற்றி பெற்றது. உஸ்மாரோ அதனைத் தம் கொள்கைக்கு நேர்ந்த சமரசமாகவே கருதினார். எனினும் அப்படத்தின் காட்சியமைப்பிலும் உரையாடலின் நயத்திலும் ஒரு கவிஞரின் கை புலப்படாமல் இல்லை.

இறுதியும் புகழும்

1962இல் சமயச் சார்புடைய லெஸ்பூமி என்னும் கலைஞர் அமைப்பிற்குத் தலைமையேற்று, பொதுவுடைமைச் சார்புடைய லெக்ராவுடன் கருத்துப் போர் புரிந்தார். 1966 முதல் 1969 வரை நாடாளுமன்ற உறுப்பினராக விளங்கினார். இறுதிக் காலத்தில் இத்தாலியருடன் கூட்டாகத் தயாரித்த படம் அவருக்கு மனவேதனையையே அளித்தது. 1971 ஜனவரி 2ஆம் நாள், ஐம்பது அகவை நிறையுமுன் மறைந்தார்.

அவர் தமதென ஏற்ற படத்தின் தொடக்க நாளான மார்ச் 30, 1999இல் தேசியத் திரைப்பட நாளாக அறிவிக்கப்பெற்றது. ‘லேவாட் ஜாம் மாலாம்’ செப்பனிடப்பெற்று 2012இல் கான் விழாவில் திரையிடப்பட்டது. அவர் ஏற்கத் தயங்கிய ‘தீகா டாரா’வும் 2016இல் புதுப்பொலிவுடன் அரங்கேறி, பேரன் பேத்தியர் தலைமுறையையும் மகிழ்வித்தது. 2021இல் அரசு அவரைத் தேசிய வீரராக அறிவித்தது.

கொள்கைக்காக ஆக்கியதும் வயிற்றுக்காக ஆக்கியதும் இன்று அருகருகே நிற்கின்றன. உண்மையான கவியுள்ளம் எதனை ஆக்கினும் அதில் தன்னையறியாமலே தன்னை வைத்துவிடுகின்றது. அதனைக் கண்டுகொள்வதற்குச் சில வேளைகளில் படைப்பாளியின் வாழ்நாள் போதுவதில்லை. காலமே அப்பணியைச் செய்து முடிக்கின்றது.