மகனைப் படிக்கவைத்த தாய்
மாயூரம் வேதநாயகம் பிள்ளை (1826–1889)



தாய், மகன் கதை என்றதும் பெரியவர்கள் பலருக்கு 1954-ல் வந்த ‘மனோகரா’ படம் நினைவுக்கு வரும். தாயின் சொல்லுக்குக் கட்டுண்டு அவமானங்களைப் பொறுத்து நிற்கிறான் அந்த மகன். அதற்கு 75 ஆண்டுகளுக்கு முன்பே வேறுவிதமான ஒரு தாயைத் தமிழுக்குத் தந்தவர் நம் திருச்சிராப்பள்ளிப் பக்கத்துக் கத்தோலிக்கர்.

1826 அக்டோபர் 11-ந் தேதி குளத்தூரில் சவரிமுத்துப் பிள்ளைக்கும் ஆரோக்கிய மரி அம்மாளுக்கும் மகனாய்ப் பிறந்தார் வேதநாயகம். கொள்ளிடமும் காவிரியும் கடந்து நாம் போய்வரும் அதே திருச்சியில், கோர்ட்டில் மொழிபெயர்ப்பாளராய் உத்தியோகம் பார்த்தார். பிறகு முன்சீப்பாகித் தரங்கம்பாடி, சீர்காழி, மாயூரம் என்று பணியாற்றினார். ஆங்கிலத்தில் இருந்த தீர்ப்புகளைத் தமிழாக்கி அச்சிட்டார். வழக்காட வந்த குடியானவனுக்குத் தன் வழக்கே புரியாமல் இருந்த காலம் அது! தாது வருஷப் பஞ்சத்தில் தம் கைப்பொருளைச் செலவிட்டு ஏழைகளுக்கு உணவளித்தார்.

1879-ல் அவர் வெளியிட்ட ‘பிரதாப முதலியார் சரித்திரம்’ தமிழின் முதல் நாவல். கதையைச் சொல்பவன் மகனே. செல்வக் குடும்பத்தின் செல்லப்பிள்ளை. சொத்து இருக்கப் படிப்பு எதற்கு என்பது வீட்டுப் பெரியவர்கள் எண்ணம். அவன் பாடத்தில் தவறினால் அவனை அடிக்கக் கூடாது. கூடப் படிக்கும் வேறொரு பையன்தான் அடி வாங்கவேண்டும்! படிக்கச் சிரிப்பு வரும். ஆனால் தம் பிள்ளையின் தப்புக்குப் பக்கத்து வீட்டுப் பிள்ளையைக் குறை சொல்லும் பெற்றோர் இன்றும் இல்லையா?

இத்தனை செல்லத்தின் நடுவே, மகன் படித்தே ஆகவேண்டும் என்று நின்றவள் தாய் சுந்தரத்தண்ணி. அழுது சாதிக்கிறவள் அல்லள். நியாயம் எடுத்துச் சொல்லுகிறவள். மாமியார் இருக்கும் வீட்டில் அது லேசான காரியமா? பிற்காலத்தில் மகன் பெருமையோடு நினைப்பது அவளுடைய புத்தியைத்தான்.

இப்படி ஒரு தாயைப் படைக்குமுன்பே, 1869-ல், ‘பெண்மதி மாலை’ எழுதிப் பெண்களுக்குக் கல்வி வேண்டும் என்று வாதாடியிருந்தார் பிள்ளை. தாய்க்கு அறிவு இல்லையேல் மகனுக்கு அதை யார் ஊட்டுவது என்ற கவலை அவருடையது. 1887-ல் வந்த ‘சுகுண சுந்தரி’யில் பால்ய விவாகத்தையும் கண்டித்தார். 1889 ஜூலை 21-ந் தேதி காலமானார்.

‘பிரதாப முதலியார் சரித்திரம்’ இன்றும் அச்சில் கிடைக்கிறது. முதல் சில அதிகாரங்களையாவது, இரவுச் சாப்பாட்டுக்குப்பின் தாய்மார் பிள்ளைகளைக்கொண்டு உரக்க வாசிக்கச் சொல்லிக் கேட்கலாம்.