பிறர் நூலுக்கு ஈந்த வாழ்வு

ஒரு நல்ல நூலைப் படித்து முடித்தபின் அதை எழுதியவரின் பெயரை நாம் நினைவில் வைத்துக்கொள்கிறோம். அந்நூல் வேற்று மொழியிலிருந்து வந்ததாயின், அதை நம் கைக்குக் கொண்டுவந்து சேர்த்தவர் யார் என்று முதற்பக்கத்தைத் திருப்பிப் பார்ப்பவர் சிலரே. மொழிபெயர்ப்பாளரின் உழைப்பு பெரும்பாலும் இவ்வாறு மறைந்தே கிடக்கிறது. அப்படி மறைந்து உழைத்தவர்களுள் ஒருவர், பிரெஞ்சு நாவல்களை ஆங்கிலத்திற்குக் கொண்டுவந்த சார்லஸ் கென்னத் ஸ்காட் மான்கிரீஃப்.

இவர் 1889ஆம் ஆண்டு செப்டம்பர் 25ஆம் நாள் ஸ்காட்லாந்தில் ஸ்டர்லிங்ஷயர் பகுதியில் பிறந்தார். தந்தையார் நீதிபதி. சிறுவயதிலேயே படிப்பில் சிறந்து விளங்கியதால், இங்கிலாந்தின் பழம்பெரும் பள்ளியான வின்செஸ்டரில் உதவித்தொகை பெற்றுப் பயின்றார். பின்னர் எடின்பரோ பல்கலைக்கழகத்தில் முதலில் சட்டமும், அதன்பின் ஆங்கில இலக்கியமும் கற்றார். பழைய மொழிகளிலும் கவிதையிலும் அவருக்கு இருந்த ஆர்வம் அந்நாளிலேயே வேரூன்றிவிட்டது.

1914இல் முதல் உலகப் போர் மூண்டது. ஸ்காட் மான்கிரீஃப் படை அதிகாரியாகப் பிரான்சு நாட்டுப் போர்முனைக்குச் சென்றார். சாவு எந்நேரமும் அருகில் நின்ற அந்த இடத்தில், 1915இல், அவர் கத்தோலிக்கத் திருச்சபையில் சேர்ந்தார். 1917 ஏப்ரல் 23ஆம் நாள், அராஸ் நகரை அடுத்து நடந்த போரில், தம் வீரர்களை முன்னின்று நடத்திச் செல்கையில் குண்டு வெடித்துக் காலில் படுகாயமுற்றார். கால் பழைய நிலைக்குத் திரும்பவேயில்லை. வாழ்நாள் முழுவதும் நொண்டியே நடந்தார். அவருடைய வீரத்திற்காக 'மிலிட்டரி கிராஸ்' விருது வழங்கப்பட்டது.

வாளைப் பிடித்த கை பேனாவைப் பிடித்தது. போரில் மடிந்த வீரன் ரோலனைப் பாடும் பழைய பிரெஞ்சுக் காவியத்தை அவர் ஆங்கிலத்தில் பெயர்த்தார். மூலத்தில் ஒரு பகுதியின் அடிகளெல்லாம் ஒரே உயிரொலியைக் கொண்டு முடியும். ஆங்கிலத்தில் அது மிகக் கடினம் என்று தெரிந்தும், அந்த ஓசை ஒழுங்கை அவர் கைவிடவில்லை. 1919இல் வெளிவந்த அந்நூலை, 1918இல் தாம் இழந்த மூன்று நண்பர்களுக்குக் காணிக்கையாக்கினார். அவர்களுள் ஒருவர் போர்க்கவிஞர் வில்ஃப்ரட் ஓவன்.

அவர் பெயரை நிலைநிறுத்திய வேலை இதற்குப் பின்னரே தொடங்கியது. பிரெஞ்சு எழுத்தாளர் மார்செல் புரூஸ்ட் 'இழந்த காலத்தைத் தேடி' என்னும் பெயரில் 7 பாகங்கள் கொண்ட பெரும் நாவலை எழுதிக்கொண்டிருந்தார். முதற்பாகம் 1913இல் வந்தது. முழு நாவலும் 12 லட்சம் சொற்களுக்கு மேற்பட்டது. அதில் ஒரு புகழ்பெற்ற இடம் உண்டு. வளர்ந்துவிட்ட ஒருவன், தேநீரில் நனைத்த சிறு கேக் துண்டை வாயில் இடுகிறான். ஞாயிறு காலையில், திருப்பலிக்குச் செல்லுமுன், அத்தை தனக்குக் கொடுத்த அதே சுவை! அந்த ஒரு நொடியில் மறந்துபோன ஊரும் தெருவும் தோட்டமும் உயிரோடு எழுந்து நிற்கின்றன. முயன்று நினைத்தால் வராத பழைய நாட்கள், எதிர்பாராமல் ஒரு சுவையிலோ மணத்திலோ திரும்பி வரும் என்பதே இந்நாவலின் உயிர்நாடி.

இதை ஆங்கிலத்திற்குக் கொண்டுவருவது எளிதா? புரூஸ்டின் வாக்கியம் ஒன்று சில இடங்களில் பக்கக்கணக்கில் நீளும். பிரெஞ்சில் எல்லாப் பெயர்ச்சொற்களுக்கும் ஆண்பால் பெண்பால் உண்டு. ஆகவே நீண்ட வாக்கியத்தின் கடைசியில் வரும் ஒரு சிறு சுட்டுச்சொல்கூட எதைக் குறிக்கிறது என்று பெரும்பாலும் விளங்கிவிடும். ஆங்கிலத்திலோ உயிரற்ற பொருள் யாவற்றுக்கும் 'இட்' என்ற ஒரே சொல்தான். கவனம் தவறினால் படிப்பவர் வழிதவறிப் போவார். வாக்கியங்களைத் துண்டுதுண்டாக வெட்டினாலோ புரூஸ்டின் நடை அழிந்துவிடும். ஸ்காட் மான்கிரீஃப் வெட்டாமல், நீண்ட மூச்சுடைய ஆங்கில வாக்கியங்களைப் பொறுமையுடன் அமைத்தார். முதற்பாகம் 1922 செப்டம்பரில் லண்டனில் வெளியாயிற்று. போலந்தில் பிறந்து ஆங்கிலத்தில் எழுதிப் புகழ்பெற்ற ஜோசப் கான்ராட், மூலத்தைவிட இம்மொழிபெயர்ப்பே தமக்குப் பிடித்திருக்கிறது என்று அவருக்கு எழுதினார்.

ஆயினும் ஒரு வருத்தம் நேர்ந்தது. நாவலுக்கு அவர் ஷேக்ஸ்பியரின் கவிதையொன்றிலிருந்து, கடந்தவற்றின் நினைவு எனப் பொருள்படும் ஒரு தொடரை எடுத்துத் தலைப்பாக இட்டிருந்தார். கேட்க இனிய தலைப்புதான். ஆனால் அக்கவிதையில் கவிஞர் பழைய நினைவுகளைத் தாமே அழைத்து வரவழைக்கிறார். அழைத்தால் வராது என்பதல்லவா புரூஸ்டின் கருத்து? புரூஸ்டின் நண்பரான சிட்னி ஷிஃப் என்னும் ஆங்கிலேயர், இத்தலைப்பைக் கண்டு மனம் பதறி அவருக்குத் தெரிவித்தார்.

புரூஸ்ட் அப்போது நோயுற்றுப் படுக்கையில் இருந்தார். அக்டோபரில் ஸ்காட் மான்கிரீஃபின் உழைப்பைப் பாராட்டி எழுதிய கடிதத்திலேயே தம் குறையையும் சொன்னார். தம் தலைப்பிலுள்ள பிரெஞ்சுச் சொல் இழந்த காலத்தையும் வீணாக்கிய காலத்தையும் ஒருங்கே குறிக்கும். அதற்கு விடையாக மீண்டும் பெற்ற காலம் என்று கடைசிப் பாகத்துக்குப் பெயர் வைத்திருந்தார். ஆங்கிலத் தலைப்பில் அந்த இணைப்பு அறுந்துபோயிற்று. முதற்பாகத்தின் தலைப்பிலும் 'வழி' என்ற ஆங்கிலச் சொல், நம் தமிழில் போலவே, பாதையையும் முறையையும் குறித்து மயங்க வைக்கிறது என்றார். ஸ்காட் மான்கிரீஃப் பணிவும் குறும்பும் கலந்து, தம் பிரெஞ்சு அறிவு குறையுடையது என்று இப்போது காட்டப்பட்டுவிட்டதால் ஆங்கிலத்திலேயே விடையெழுதுவதாகத் தெரிவித்தார். சில வாரங்களில், நவம்பர் 18ஆம் நாள், புரூஸ்ட் மறைந்தார்.

மொழிபெயர்ப்பாளர் தலைப்பிட்டபோது கடைசிப் பாகம் அச்சேறவில்லை. அது பிரெஞ்சிலேயே 1927இல்தான் வெளிவந்தது. முடிவை அறியாமல் ஒருவர் தொடங்கிய நீண்ட பயணம் அது. ஆசிரியரே குறை சொல்லிவிட்டாரே என்று அவர் வேலையை நிறுத்திவிடவில்லை. உடல்நலம் குன்றியதால் இத்தாலிக்குச் சென்று, ஃபிளாரன்ஸ், பைசா, பின்னர் ரோம் ஆகிய நகரங்களில் தங்கி, பாகம் பாகமாக மொழிபெயர்த்தார். பிழைப்புக்கு ஸ்டெண்டாலின் நாவல்களையும், இத்தாலிய எழுத்தாளர் பிராண்டெல்லோவையும் பெயர்த்தார். தம் உறவினர் பிள்ளைகளுக்கும் உதவி வந்தார்.

6 பாகங்கள் முடிந்தன. ஏழாவதைத் தொடுமுன் புற்றுநோய் அவரைப் பற்றியது. ரோம் நகரில் அருட்சகோதரியர் நடத்திய கல்வாரி மருத்துவமனையில், 1930 பிப்ரவரி 28ஆம் நாள், 40ஆம் வயதில் இறைவனடி சேர்ந்தார். அவருடைய எலும்புகள் காம்போ வெரானோ கல்லறைத் தோட்டத்தில் பிறருடையவற்றோடு ஒரு பொது இடத்தில் வைக்கப்பட்டுள்ளன.

விடுபட்ட கடைசிப் பாகத்தை மொழிபெயர்த்தவர் யார் தெரியுமா? தலைப்பைக் கண்டு முதலில் பதறிய அதே சிட்னி ஷிஃப்தான். ஸ்டீபன் ஹட்சன் என்னும் புனைபெயரில் 1931இல் அதை வெளியிட்டார்.

ஸ்காட் மான்கிரீஃபின் மொழிபெயர்ப்பில் குறைகள் இருந்தன. எளிய இடங்களிலும் அலங்காரம் கூடியிருந்தது. அவர் கையிலிருந்த பிரெஞ்சுப் பதிப்பிலேயே அச்சுப்பிழைகள் மலிந்திருந்தன. திருத்திய மூலம் 1954இல் பிரான்சில் வெளிவந்தது. அதைக்கொண்டு டெரன்ஸ் கில்மார்ட்டின் 1981இல் ஆங்கில நூலைச் செப்பனிட்டார். 1992இல் டி.ஜே. என்ரைட் மீண்டும் திருத்தியபோது, புரூஸ்ட் விரும்பியவாறே 'இழந்த காலத்தைத் தேடி' என்ற பொருளுள்ள தலைப்பு இடப்பட்டது. ஆசிரியரின் விருப்பம் நிறைவேற 70 ஆண்டுகள் ஆயின! எனினும் அவர்கள் இருவரும் பழைய கட்டடத்தை இடித்துவிடவில்லை; அதன்மீதே வேலை செய்தனர். பிரெஞ்சிலிருந்து ஆங்கிலத்திற்கு வரும் சிறந்த மொழிபெயர்ப்புக்கென 1965இல் ஏற்படுத்தப்பட்ட பரிசு இவர் பெயரையே தாங்கியிருக்கிறது.

அன்பு மாணவியரே, நாம் நாள்தோறும் வாசிக்கும் திருவிவிலியம் முதல் விரும்பிப் படிக்கும் கதைகள் வரை எத்தனையோ நூல்கள் மொழிபெயர்ப்பாளர் கைவழி வந்தவை. குறையற்ற வேலையைத்தான் செய்வேன் என்று காத்திருப்பவர் எதையும் தொடங்கமாட்டார். தம்மால் இயன்றதை முழுமனத்தோடு செய்து, சுட்டிக்காட்டப்பட்ட குறையைப் பொறுத்துக்கொண்டு, மிச்சத்தைப் பின்வருவோரிடம் விட்டுச் சென்றார் ஸ்காட் மான்கிரீஃப். இனி ஒரு மொழிபெயர்ப்பு நூலைக் கையில் எடுக்கும்போது, ஆசிரியரின் பெயருக்குக் கீழே சிறிய எழுத்தில் இருக்கும் அந்த இரண்டாம் பெயரையும் ஒருமுறை வாசியுங்கள்.