கால்வாயைக் கடந்த கல்கத்தாப் பெண் – ஆரத்தி சாஹா

கரடியனாறு என்ற பெயரிலேயே ஆறு இருக்கிறது. உன்னிச்சைக் குளமும் உறுகாமக் குளமும் பக்கத்தில். கிழக்கே சென்றால் வாவி, அதற்கப்பால் கடல். இத்தனை நீருக்கு நடுவே வளர்ந்தும் நம்மில் பலருக்கு நீந்தத் தெரியாது. தண்ணீரில் இறங்காதே என்பதே பெண்பிள்ளைகளுக்குச் சொல்லப்பட்ட புத்திமதி. இந்த நூற்றாண்டு மலரில், தண்ணீரில் இறங்கிய ஒரு பெண்ணின் வரலாற்றை நினைவுகூர விரும்புகிறேன்.

ஆரத்தி சாஹா 1940 செப்டெம்பர் 24ஆந் திகதி கல்கத்தாவில் ஒரு சாதாரண குடும்பத்திற் பிறந்தார். தந்தையார் இராணுவ சேவையில் இருந்தவர். இரண்டரை வயதிலே தாயை இழந்த பிள்ளையைப் பாட்டியார் வளர்த்தெடுத்தார். நான்கு வயதில் மாமாவோடு ஹூக்ளி ஆற்றின் சம்பத்தலா படித்துறைக்குக் குளிக்கப் போய்வந்தபோதே நீச்சல் பழகிவிட்டார். மகளின் ஆர்வத்தைக் கண்ட தந்தையார் அவரை ஹட்கோலா நீச்சற் கழகத்திற் சேர்த்தார். அங்கே அவருக்கு வாய்த்த குரு சச்சின் நாக். 1951இல் டெல்லியில் நடந்த முதலாவது ஆசிய விளையாட்டுப் போட்டியில் நீச்சலுக்குத் தங்கம் வென்றவர் அவர்.

1952இல் ஹெல்சிங்கி ஒலிம்பிக் போட்டிக்கு இந்தியா நான்கு பெண்களை அனுப்பியது. அவர்களில் மிக இளையவர் ஆரத்தி. பன்னிரண்டு வயதுகூட நிறையவில்லை. 200 மீற்றர் மார்பு நீச்சலில் 3 நிமிடம் 40.8 செக்கனில் நீந்தினார். பதக்கம் கிடைக்கவில்லை. ஊர் திரும்பியபின் 100 மீற்றர் போட்டியொன்றில் தம் சொந்தச் சகோதரி பாரதியிடமே தோற்றார். ஆயினும் நீச்சலை விட்டுவிடவில்லை.

1958இல் கிழக்கு வங்காளத்தைச் சேர்ந்த பிரோஜன் தாஸ் ஆங்கிலக் கால்வாயை நீந்திக் கடந்தார். அவ்வாண்டே மிஹிர் சென்னும் கடந்தார். இந்த மிஹிர் சென்தான் பின்னர் 1966இல் நமது தலைமன்னாரிலிருந்து தனுஷ்கோடிக்கு நீந்தியவர். இவர்களைக் கண்டு ஆரத்தியின் மனத்திலும் அந்த ஆசை வேரூன்றியது. குளமொன்றில் எட்டு மணி நேரமும், பின்னர் பதினாறு மணி நேரமும் இடைவிடாது நீந்திப் பழகினார். பயணச் செலவுக்குக் குடும்பத்திடம் வசதியில்லை. மேற்கு வங்க முதலமைச்சர் பி. சி. ராயும் பிரதமர் நேருவும் கைகொடுத்தனர்.

பிரான்சுக்கும் இங்கிலாந்துக்கும் இடையே அக்கால்வாயின் ஒடுங்கிய பகுதி ஏறக்குறைய 21 மைல்தான். ஆனால் நீரோட்டம் நீந்துபவரைப் பக்கவாட்டில் இழுத்துச் செல்லும். தண்ணீரின் குளிரும் உடலை வதைக்கும். 1959 ஓகஸ்ட் 27ஆந் திகதி நடந்த போட்டியில் ஆரத்தியின் துணைப்படகு நாற்பது நிமிடம் பிந்தி வந்தது. சாதகமான நீரோட்டம் கைநழுவியது. இங்கிலாந்துக் கரைக்கு ஐந்து மைல் இருக்கையில் எதிரோட்டம் தடுத்தது. மணிக்கணக்காகப் போராடியும் இரண்டு மைல் வரைதான் முன்னேற முடிந்தது. படகில் ஏறவேண்டியதாயிற்று.

தவறு அவருடையதல்ல, ஆனாலும் குறை சொல்லிக்கொண்டிருக்காமல் அங்கேயே தங்கிப் பயிற்சியைத் தொடர்ந்தார். ஒரே மாதத்தில், செப்டெம்பர் 29ஆந் திகதி, பிரான்சின் கிரி நே முனையிலிருந்து மீண்டும் இறங்கினார். நீரோட்டத்தின் வளைவுகளோடு 42 மைல் தூரத்தை 16 மணி 20 நிமிடத்தில் நீந்தி, இங்கிலாந்தின் சாண்ட்கேற்றில் கரையேறித் தம் நாட்டுக் கொடியை ஏற்றினார். கால்வாயைக் கடந்த முதலாவது ஆசியப் பெண் இவரே. பத்தொன்பதாவது பிறந்தநாள் கழிந்து ஐந்தே நாள்.

உலகில் முதன்முதலாக இக்கால்வாயைக் கடந்த பெண் அமெரிக்கரான கேட்ரூட் எடேர்லே. அவரும் 1925இல் முதல் முயற்சியிற் தோற்று, 1926 ஓகஸ்ட் 6இல் வென்றவர்தான். அதற்குமுன் கடந்த ஆண்கள் அனைவரையும்விடக் குறைந்த நேரத்தில் முடித்தார். செவிப்புலன் குன்றிய அவர் பிற்காலத்தில் செவிப்புலனற்ற பிள்ளைகளுக்கு நீச்சல் கற்பித்தார். நம் நாட்டின் வல்வெட்டித்துறை தந்த ஆழிக்குமரன் ஆனந்தன் 1971இல் பாக்கு நீரிணையை இருவழியும் நீந்தியவர். 1984 ஓகஸ்டில் இதே ஆங்கிலக் கால்வாயில்தான் உயிர்நீத்தார். அந்தக் கடல் எவரிடமும் இரக்கம் காட்டுவதில்லை.

1960இல் இந்திய அரசு ஆரத்திக்குப் பத்மஸ்ரீ விருது வழங்கியது. விளையாட்டுத்துறையில் இவ்விருதைப் பெற்ற முதலாவது பெண் அவர். தமக்குத் துணைநின்ற மருத்துவர் அருண் குப்தாவை மணந்து, ரயில்வேயிற் பணிபுரிந்து வாழ்ந்தார். 1994 ஓகஸ்ட் 23ஆந் திகதி மஞ்சட்காமாலை நோயால் காலமானார். 1999இல் இந்தியா அவர் நினைவாக முத்திரை வெளியிட்டது.

சகோதரிகளே, 2004 மார்கழியில் ஆழிப்பேரலை நமது மாவட்டக் கரைகளை அடித்துச் சென்றபோது ஆண்களைவிடப் பெண்களே அதிகமாக மாண்டனர். நீந்தப் பழகாமை அதற்கு ஒரு காரணம் என்று பின்னர் ஆய்ந்தவர்கள் கண்டனர். கடல் கடந்து வாழும் நம் தோழியரின் பிள்ளைகள் பலர் இன்று பாடசாலையிலேயே நீச்சல் பழகுகின்றனர். இங்குள்ள நம் பிள்ளைகளுக்கும் அந்த வாய்ப்பு வேண்டும். எல்லோரும் ஆரத்தி ஆகவேண்டியதில்லை. கரைசேரத் தெரிந்தாற் போதும். நமது சங்கம் தன் இரண்டாவது நூற்றாண்டில் அதற்கு வழிசெய்யுமாயின், அது இம்மலரைவிட நீண்டகாலம் நிலைக்கும்.