அரிச்சந்திரனைத் திரையில் ஏற்றியவர்

சிறுவயதிற் கோயில் வீதியில் விடிய விடிய நான் பார்த்த மயான காண்டத்தில், சந்திரமதியாக வந்து அழுதவர் மீசை மழித்த ஓர் ஆடவரே. ஊரார் எவரும் அதனைக் குறையாகக் கருதியதில்லை. அதே கதையைக் கொண்டு இந்தியாவின் முதல் முழுநீளக் கதைப்படத்தை ஆக்கிய தாதாசாகிப் பால்கேயின் வரலாற்றைப் படிக்குந்தோறும் அந்தக் கூத்திரவு என் நினைவுக்கு வருகின்றது.

1870ஆம் ஆண்டு நாசிக்கை அடுத்த திரியம்பகத்திற் பிறந்த பால்கே, சித்திரமும் புகைப்படமும் அச்சுத்தொழிலும் கற்றவர். நாற்பது வயதளவிற் பம்பாயில் இயேசுவின் வாழ்வைக் காட்டும் மௌனப்படம் ஒன்றைக் கண்டார். நம் தெய்வங்களும் இவ்வாறு திரையில் உலாவ வேண்டும் என்னும் வேட்கை அவரைப் பற்றிக்கொண்டது. காப்புறுதிப் பத்திரங்களை ஈடுவைத்து 1912இல் இலண்டன் சென்று கமராவுடன் மீண்டார். பட்டாணி விதை முளைத்துக் கொடியாவதைச் சிறுபடமாக்கிக் காட்டிய பின்னரே பணம் கிடைத்தது. அதற்கும் மனைவி சரசுவதியின் நகைகள் ஈடாயின.

அந்த அம்மையாரைப் பற்றி இன்னும் அதிகம் பேசவேண்டும் என்பது என் கட்சி. பகலிற் குழுவினர் அனைவருக்கும் சமைத்துப் போட்டவர், இரவில் இருட்டிலிருந்து பிலிம் சுருளின் ஓரங்களிலே துளையிட்டார்.

நடிகரைத் தேடியதோ பெரும்பாடு. பெண்வேடத்திற்குப் பரத்தையரும் வர மறுத்தனர். ஈற்றில், உணவுச்சாலையொன்றிற் பணிபுரிந்த சாளுங்கே என்னும் இளைஞரின் மெல்லிய கைவிரல்களைக் கண்டு அவரையே அரசியாக்கினார். சினிமாவிற் சேர்ந்ததைச் சொல்ல நாணியவர்களுக்கு, அரிச்சந்திரன் என்பவரின் தொழிற்சாலையில் வேலை என்று சொல்லுமாறு கற்பித்தாராம். பொய்யுரையாத மன்னன் பெயரால் ஒரு பொய்!

லோகிதாசனாக நடித்தவன் பால்கேயின் மகன் பாலச்சந்திரன். வெளிப்புறப் படப்பிடிப்பின்போது சிறுவன் விழுந்து, தலையில் அடிபட்டு மயங்கினான். எடுக்கவேண்டியிருந்ததோ லோகிதாசன் இறந்து கிடக்கும் காட்சி. வெயிலை நம்பிய வேலை, கைப்பணமோ கடன். மகன் கிடந்த அந்நிலையிலேயே தந்தை காட்சியை எடுத்து முடித்தார் என்பர். மாணவர்க்கு இவ்வரலாற்றைச் சொல்கையில் இவ்விடத்தில் என் குரல் தடுமாறும். அவரைப் போற்றும் என் நெஞ்சு இந்த ஒன்றை மட்டும் இன்றளவும் ஏற்கவில்லை.

1913 மே 3ஆந் திகதி பம்பாயிற் படம் வெளிவந்து பெருவெற்றி பெற்றது. 1917இல் வந்த அவரது 'இலங்கா தகனம்' என்ற படத்தில், அதே சாளுங்கே இராமனாகவும் சீதையாகவும் தோன்றினார். பேசும் படம் வந்தபின் பால்கேயின் காலம் மங்கிற்று. 1944இல் நாசிக்கிற் காலமானார்.

அவரது அரிச்சந்திரனில் எஞ்சியுள்ள சில பகுதிகளை நான் பார்த்திருக்கிறேன். அரசியும் தோழியரும் நீராடும் காட்சியொன்று உண்டு. நனைந்த சேலையுடன் தடாகத்தில் நிற்போர் அனைவரும் ஆடவர். ஒருவர் முகத்திலேனும் வெட்கம் இல்லை.