பதவி போன பிறகு

மூன்றாம் ஆண்டு, இளங்கலை வரலாறு

சென்ற ஆண்டு வரலாற்று மன்றச் செயலாளர் தேர்தலில் நின்று 11 வாக்குகளில் தோற்றேன். அதன்பின் மன்றக் கூட்டம் நடக்கும் நாட்களில் மாலைப் பேருந்தைப் பிடித்து வீட்டுக்குப் போய்விடுவேன். செயலாளராக வர முடியாதவன் பின்வரிசையில் போய் உட்காருவது இழுக்கு என்பது என் எண்ணம். இதைக் கவனித்த எங்கள் பேராசிரியர் என்னிடம் ஒன்றும் கேட்கவில்லை. அமெரிக்க வரலாற்றுக் கட்டுரைக்கு ஒரு பெயரை மட்டும் எழுதிக் கொடுத்தார்: ஜான் குவின்சி ஆடம்ஸ்.

அமெரிக்காவின் ஆறாவது குடியரசுத் தலைவர். மன்ரோ கொள்கை பற்றிய வினாவுக்கு விடை எழுதும்போது ஒரு வரியில் குறிப்பிட்டு விட்டு நாம் கடந்துபோகும் பெயர். லிங்கனும் வாஷிங்டனும் இருக்க எனக்கு மட்டும் இவரா என்று சலித்துக்கொண்டேதான் நூலகத்துக்குப் போனேன். அங்கே நான் கண்ட மனிதரை நண்பர்களுக்கும் அறிமுகப்படுத்தவே இக்கட்டுரை.

இளமையும் உயர்வும்

1767ஆம் ஆண்டு ஜூலை 11ஆம் நாள் மாசசூசெட்ஸில் பிரெயின்ட்ரீ என்னும் ஊரில் பிறந்தார். தந்தை ஜான் ஆடம்ஸ் விடுதலைப் போரின் முன்னணித் தலைவர். பின்னர் நாட்டின் இரண்டாவது குடியரசுத் தலைவர். 1775இல் பங்கர் குன்றில் நடந்த போரை, எட்டு வயது நிரம்பாத இச்சிறுவன் தாய் அபிகேலுடன் ஊர்க் குன்றின்மேல் நின்று கண்டான்.

பத்து வயதில் தந்தையுடன் கப்பலேறி ஐரோப்பா சென்றார். பதினான்கு வயதில், ரஷ்யாவுக்கு அனுப்பப்பட்ட அமெரிக்கத் தூதருக்குச் செயலாளராகவும் மொழிபெயர்ப்பாளராகவும் பணியாற்றினார். பன்னிரண்டு வயதில் எழுதத் தொடங்கிய நாட்குறிப்பை முதுமைவரை விடவில்லை. அது 51 தொகுதிகளாக, 14,000 பக்கங்களுக்கு மேல் வளர்ந்து நிற்கிறது.

1787இல் ஹார்வர்டில் பட்டம் பெற்று வழக்கறிஞரானார். நெதர்லாந்து, பிரஷ்யா, ரஷ்யா, பிரிட்டன் ஆகிய நாடுகளில் தூதராக இருந்தார். 1814இல் பிரிட்டனோடு நடந்த போரை முடித்த கெண்ட் உடன்படிக்கையைப் பேசி முடித்த குழுவுக்கு அவரே தலைவர். 1817 முதல் எட்டு ஆண்டுகள் வெளியுறவுச் செயலாளர். ஸ்பெயினிடமிருந்து ஃபுளோரிடாவைப் பெற்ற 1819ஆம் ஆண்டு உடன்படிக்கையும், 1823இல் வெளியான மன்ரோ கொள்கையும் பெரும்பாலும் அவர் உழைப்பின் விளைவுகள்.

தோல்வி

இத்தனை தகுதியோடு 1824ஆம் ஆண்டுத் தேர்தலில் நின்றார். தேர்வாளர் வாக்குகளில் ஆண்ட்ரூ ஜாக்சனுக்கு 99, ஆடம்ஸுக்கு 84, கிராஃபர்டுக்கு 41, ஹென்றி கிளேக்கு 37. எவருக்கும் பெரும்பான்மை இல்லை. எனவே பிரதிநிதிகள் சபை, முதல் மூவருள் ஒருவரைத் தேர்ந்தெடுக்க வேண்டியதாயிற்று. நான்காம் இடம் பெற்ற கிளேதான் அச்சபையின் தலைவர். அவர் ஆதரவு ஆடம்ஸுக்குக் கிடைத்தது, ஆடம்ஸ் வென்றார். வென்றவர் கிளேயையே வெளியுறவுச் செயலாளராக நியமித்தார். இது பேரம் என்று ஜாக்சனின் கட்சியார் நான்கு ஆண்டுகளும் ஓயாது தூற்றினர். அந்த மாசு கடைசிவரை போகவில்லை.

சாலைகள், கால்வாய்கள், தேசியப் பல்கலைக்கழகம், வானாய்வுக்கூடம் என்று பெருந்திட்டங்களை முன்வைத்தார். காங்கிரஸ் அவற்றுள் பெரும்பாலானவற்றை ஏற்கவில்லை. மக்களோடு கலந்து பழகும் இயல்பும் அவருக்கு இல்லை. 1828ஆம் ஆண்டுத் தேர்தலில் ஜாக்சன் 178 வாக்குகள் பெற, இவர் பெற்றவை 83. ஜாக்சனின் பதவியேற்பு விழாவுக்கு அவர் போகவே இல்லை.

இந்த இடத்தைப் படித்தபோது எனக்குச் சிரிப்பு வந்தது. அடுத்த நொடியே வெட்கமும் வந்தது. நானும் அதைத்தானே செய்துகொண்டிருந்தேன்!

1829இல் அவருடைய மூத்த மகன் கப்பலிலிருந்து கடலில் விழுந்து இறந்தார். பதவியும் போய், மகனும் போய், அறுபது கடந்த நிலையில் ஊர் திரும்பினார் ஆடம்ஸ்.

இரண்டாம் வாழ்வு

1830இல் அவ்வட்டாரத்தார் அவரைப் பிரதிநிதிகள் சபைக்கு நிற்கும்படி கேட்டனர். நாட்டின் தலைவராக இருந்தவர் ஒரு தொகுதியின் உறுப்பினராகப் போவதா? குடும்பத்தார் விரும்பவில்லை. ஆனால், மக்கள் தேர்ந்தெடுத்து அனுப்பும் எந்தப் பொறுப்பும், ஊர் நிருவாகப் பொறுப்பேயானாலும், தாழ்வன்று என்பது அவர் கருத்து. நின்றார், வென்றார். 1831 டிசம்பரில், 64ஆம் வயதில், சபையில் ஓர் உறுப்பினராக உட்கார்ந்தார். குடியரசுத் தலைவர் பதவியை வகித்தபின் பிரதிநிதிகள் சபை உறுப்பினரானவர் இன்றுவரை அவர் ஒருவரே.

அக்காலத்தில் அடிமை முறையை ஒழிக்கக் கோரி வடபகுதி மக்கள் ஆயிரக்கணக்கில் மனுக்களை அனுப்பினர். வாக்குரிமையற்ற பெண்கள் அவற்றில் பெருவாரியாகக் கையெழுத்திட்டனர். தென்பகுதி உறுப்பினர்களுக்கு இது பொறுக்கவில்லை. 1836 மே மாதத்தில் சபை ஒரு விதியை நிறைவேற்றியது: அடிமை முறை பற்றிய எந்த மனுவும் விவாதமின்றி ஒதுக்கி வைக்கப்படும். அதை வாய்ப்பூட்டு விதி என்றே வரலாறு அழைக்கிறது.

மனு என்பது என்ன? ஆட்சியாளரிடம் வேறு பிடிமானம் இல்லாதவனுக்கு இருக்கும் கடைசி வழி. அதை வாங்கிப் படித்துவிட்டு மறுப்பது வேறு. படிக்கவே மாட்டேன் என்பது வேறு. அரசியலமைப்பின் முதல் திருத்தம் தந்த மனு உரிமையைச் சபையே பறிக்கிறது என்று ஆடம்ஸ் எழுந்தார். கூட்டத்தொடர் தோறும் மனுக் கட்டுகளோடு வந்தார். உட்காரச் சொன்னார்கள், மறுநாள் வேறொரு விதியைக் காட்டி மீண்டும் எழுந்தார். 1837இல், அடிமைகளே எழுதியதாகச் சொல்லப்படும் மனு ஒன்றைச் சபை ஏற்குமா என்று அவர் கேட்டபோது அவையே கொந்தளித்தது. 1842இல் அவர்மேல் கண்டனத் தீர்மானம் கொண்டு வந்தனர். 74 வயது முதியவர் இரண்டு வாரங்கள் தனக்காகத் தானே வாதாடினார். இறுதியில் 106க்கு 93 என்ற கணக்கில் அத்தீர்மானம் ஒதுக்கப்பட்டது.

இதற்கிடையே அமிஸ்டாட் வழக்கும் வந்தது. ஆப்பிரிக்காவிலிருந்து கடத்தப்பட்டுக் கியூபாவில் விற்கப்பட்டவர்கள், 1839இல் தங்களை ஏற்றிச்சென்ற கப்பலைக் கைப்பற்றினர். ஆனால் அமெரிக்கக் கடற்படையினரிடம் சிக்கிச் சிறையில் கிடந்தனர். 1841இல் உச்சநீதிமன்றத்தில் அவர்களுக்காக ஆடம்ஸ் வாதிட்டார். அவர்கள் சட்டப்படி எவருக்கும் அடிமையல்லர் என்று மார்ச் 9ஆம் நாள் தீர்ப்பாயிற்று. உயிரோடிருந்தவர்கள் அடுத்த ஆண்டு தாயகம் சேர்ந்தனர்.

1844 டிசம்பர் 3. வாய்ப்பூட்டு விதியை நீக்க ஆடம்ஸ் கொண்டுவந்த தீர்மானம் 108க்கு 80 என்று நிறைவேறியது. எட்டு ஆண்டுப் போராட்டம் முடிந்தபோது அவருக்கு வயது 77.

1848 பிப்ரவரி 21ஆம் நாள் சபையில் தம் இடத்திலேயே சாய்ந்தார். வீட்டுக்கு எடுத்துச் செல்ல முடியாத நிலையில், சபைத் தலைவரின் அறையில் இரு நாள் கிடந்து 23ஆம் நாள் உயிர் நீத்தார். அப்போது அதே சபையில் முதன்முறை உறுப்பினராக ஒருவர் இருந்தார். அவர் பெயர் ஆபிரகாம் லிங்கன். அடிமை முறையை நாடு முழுவதும் ஒழித்த பதின்மூன்றாம் திருத்தம் நிறைவேற, ஆடம்ஸ் மறைந்தபின் இன்னும் 17 ஆண்டுகள் ஆயின.

நான் கற்றது

அவரைக் குறையே இல்லாதவராகக் காட்ட நான் விரும்பவில்லை. 1820இல் நாட்குறிப்பில் அடிமை முறையைக் கடுமையாகக் கண்டித்து எழுதியவர், தலைவராக இருந்த நான்கு ஆண்டுகளில் அதை எதிர்த்துப் போராடவில்லை. நாட்டின் மிக உயர்ந்த நாற்காலியில் இருந்தபோது செய்யாததை, நூற்றுக்கணக்கான உறுப்பினர்களுள் ஒருவராக இருந்துகொண்டு செய்தார். அப்படியானால் அந்தத் தோல்வி அவருக்கு இழப்பா, பேறா? கட்டுரை எழுதி முடித்தும் இக்கேள்விக்கு என்னால் ஒரே சொல்லில் விடை சொல்ல இயலவில்லை. ஒன்று மட்டும் தெரிகிறது: அந்த விடை 1828இல் வாக்களித்த மக்கள் கையில் இல்லை, தோற்றபின் அவர் எழுந்து சென்று உட்கார்ந்த இடத்தில் இருந்தது.

இக்கட்டுரையை மன்றக் கூட்டத்தில்தான் படித்தேன். தேர்தலில் என்னை வென்ற நண்பர் நன்றியுரை கூறினார். படித்து முடித்ததும் மாலைப் பேருந்துக்கு நான் ஓடவில்லை. பின்வரிசையில் ஓர் இடம் காலியாக இருந்தது, போய் உட்கார்ந்துகொண்டேன். அடுத்த கூட்டத்துக்கு நாற்காலி போட ஆள் வேண்டும் என்று செயலாளர் கேட்டபோது முதலில் உயர்ந்த கை என்னுடையது.