மைமீசைக் கோமாளி கிரௌச்சோ மார்க்ஸ்

அமெரிக்க மக்களை ஐம்பது ஆண்டுகளுக்கு மேல் சிரிக்க வைத்தவர், கிரௌச்சோ மார்க்ஸ்.

பெயரைப் பார்த்துவிட்டு, காரல் மார்க்சுக்கு உறவினரோ என்று எண்ணிவிடாதீர்கள். இவர் நியூயார்க் நகரில் ஒரு தையற்காரரின் மகன். 1890-ம் ஆண்டு அக்டோபர் 2-ந் தேதி பிறந்தார். பெற்றோர் இட்ட பெயர், ஜூலியஸ் ஹென்றி.

தந்தை சாம், அளவு நாடாவைத் தொடமாட்டார். கண்ணாலேயே அளவு எடுப்பார். அவர் தைத்த கோட்டு யாருக்கும் பொருந்தாது. ஒருமுறை வந்தவர் மறுமுறை வருவது அபூர்வம். வீட்டில் எப்போதும் பணமுடை.

ஜூலியசுக்கு டாக்டராக வேண்டும் என்று ஆசை. ஆனால், சிறு வயதிலேயே படிப்பு நின்றுவிட்டது. 1905-ல், 14 வயதில், பாட்டுக்காரராக மேடை ஏறினார். குழுவின் தலைவர் அவரைக் கொலராடோ மலைப்பகுதியில் தவிக்க விட்டுவிட்டு ஓடிவிட்டார். சிறுவன் அங்கே வண்டி ஓட்டிப் பிழைத்தான்!

கழுதை செய்த உதவி

தாய் மின்னி மனம் தளரவில்லை. பிள்ளைகளை எல்லாம் சேர்த்து ஒரு குழு அமைத்தார். ஊர் ஊராக அழைத்துச் சென்றார்.

டெக்சாஸ் மாநிலத்தில் நாகடோச்சஸ் என்ற ஊர். சகோதரர்கள் பாடிக் கொண்டிருந்தபோது, வெளியே ஒரு கோவேறு கழுதை கட்டை அறுத்துக்கொண்டு ஓடியது. வேடிக்கை பார்க்க, சபையே எழுந்து போய்விட்டது. திரும்பி வந்தவர்களை, ஆத்திரத்தில் ஜூலியஸ் வாய்க்கு வந்தபடி கிண்டல் செய்தார். அடி விழும் என்று பார்த்தால், சிரிப்பு எழுந்தது! அதன் பிறகு பாட்டு குறைந்தது, கேலி வளர்ந்தது.

1914-ல் சீட்டாட்டத்தின்போது நண்பர் ஒருவர் சகோதரர்களுக்குப் பட்டப் பெயர்கள் சூட்டினார். சிடுமூஞ்சி என்ற பொருள்பட ஜூலியசுக்குக் கிடைத்தது, கிரௌச்சோ. சிகோ, ஹார்ப்போ என்ற பெயர்களும் அப்போது வந்தவைதான்.

1924-ல் பிராட்வேயில் வெற்றி. 1929 முதல் சினிமா. கையில் சுருட்டு, குனிந்த நடை, மையால் தீட்டிய மீசை. ஒருநாள் கொட்டகைக்கு நேரம் கழித்து வந்தவர், ஒட்டுமீசை வைக்க அவகாசம் இல்லாமல் மையைத் தடவிக்கொண்டாராம். அதுவே நிலைத்துவிட்டது.

அதே 1929-ல் பங்கு மார்க்கெட் வீழ்ந்தது. சேர்த்த பணம் எல்லாம் போயிற்று. தூக்கமும் போயிற்று. பிறகு லட்சக்கணக்கில் சம்பாதித்தும், வறுமைப் பயம் அவரை விடவில்லை.

வேண்டாம் என்ற வேலை

1947-ல் அவருக்கு வயது 56. சினிமா வாய்ப்பு குறைந்திருந்தது. ரேடியோவில் முயன்ற நிகழ்ச்சிகள் எடுபடவில்லை. அப்போது ஜான் கெடல் என்ற தயாரிப்பாளர், வினாடி வினா நடத்த அழைத்தார். பெரிய நடிகரான தான் கேள்வி கேட்கும் வேலை செய்வதா என்று கிரௌச்சோ தயங்கினார். முடிவில் ஒப்புக்கொண்டார்.

"யூ பெட் யுவர் லைஃப்" என்ற அந்த நிகழ்ச்சி, 1950-ல் டெலிவிஷனுக்கு வந்தது. 1961 வரை நடந்தது. இம்முறை மீசை நிஜ மீசை.

பரிசு பெரிதல்ல, பேச்சுதான் பெரிது. ஜோடியாக வருகிறவர்களிடம் குடும்பக் கதை கேட்பார், குறும்பு செய்வார். பேச்சினிடையே அவர்கள் ஒரு ரகசியச் சொல்லைச் சொல்லிவிட்டால், மேலிருந்து ஒரு பொம்மை வாத்து இறங்கும். 100 டாலர் கிடைக்கும். ஒன்றும் தெரியாதவருக்கும், குழந்தைகூடப் பதில் சொல்லக்கூடிய கேள்வி ஒன்றைக் கேட்டு, வெறுங்கையோடு அனுப்பமாட்டார்.

எல்லாம் அவர் அந்த நேரத்தில் நினைத்துச் சொன்னதல்ல. எழுத்தாளர்கள் உண்டு. அதிக நேரம் படமாக்கி, சுவையானதை மட்டும் அரை மணிக்கு வெட்டி எடுப்பார்கள். ஆனாலும், எதிரே நிற்பவர் என்ன சொல்வார் என்று யார் எழுதி வைக்க முடியும்? அங்கேதான் அவர் திறமை.

மூன்று முறை மணந்தார். மூன்றும் விவாகரத்தில் முடிந்தன. பள்ளிப் படிப்பை முடிக்காதவர், நூல்கள் எழுதினார். கவிஞர் டி.எஸ்.எலியட் அவருடைய ரசிகர். இருவரும் கடிதம் எழுதிக்கொண்டனர். 1964-ல் லண்டனில் ஒன்றாக விருந்து உண்டனர்.

1974-ல் சிறப்பு ஆஸ்கார் விருது கிடைத்தது. அதற்குள் சிகோவும் ஹார்ப்போவும் இறந்து போயிருந்தனர். 1977 ஏப்ரலில் தம்பி கம்மோவும் இறந்தார். நோயுற்றிருந்த அண்ணனுக்கு அதைச் சொல்லவில்லை.

1977 ஆகஸ்ட் 19-ந் தேதி, லாஸ் ஏஞ்சல்சில், 86-வது வயதில் கிரௌச்சோ காலமானார். மூன்று நாள் முன்புதான் பாடகர் எல்விஸ் பிரெஸ்லி இறந்திருந்தார். அமெரிக்கா அந்தத் துக்கத்தில் இருந்தது. கிழவரின் மரணச் செய்தி அதில் அமுங்கிவிட்டது.