அலட்டிக்கொள்ளாத துரை

தெல்தோட்டையைத் தாண்டி மலையேறினால் வருவது லூல்கந்துரைத் தோட்டம். பெயர் சிங்களம். லூலா என்றால் விரால் மீன், கந்துர என்றால் ஓடை. இலங்கையில் முதன்முதலாக வர்த்தகத்துக்கென்று தேயிலை பயிரிடப்பட்ட இடம் என்று பள்ளிக்கூடப் புத்தகத்தில் படித்திருப்போம். அங்கே ஜேம்ஸ் டெய்லர் குடியிருந்த மரவீட்டின் புகைபோக்கி மட்டும் இன்னும் நிற்கிறது. அவர் உட்கார்ந்து மலைகளைப் பார்த்ததாகச் சொல்லப்படும் கல் இருக்கையையும் காட்டுவார்கள்.

எதற்கும் பதறி ஓடியே பழகிவிட்ட நமக்கு, பதறாத மனிதர்கள்மேல் ஓர் ஈர்ப்பு உண்டு. டெய்லர் அந்த வகை. ஸ்கொட்லாந்தின் கின்கார்டின்ஷயரில் 1835 இல் பிறந்தவர். ஒன்பது வயதில் தாயை இழந்தார். 17 வயதுகூட நிரம்பாத நிலையில், மூன்று வருட ஒப்பந்தத்தில் கோப்பித் தோட்டச் சின்னத்துரையாக 1852 பெப்ரவரியில் கொழும்பில் வந்து இறங்கினார். மூன்று வருடம் நாற்பது வருடமாயிற்று. ஊருக்கு அவர் திரும்பிப் போகவேயில்லை. கலியாணமும் செய்யவில்லை. விடுமுறை என்று எடுத்ததும் ஒரே ஒருமுறைதான், 1874 இல். அதற்கும் போனது டார்ஜிலிங்குக்கு, தேயிலை பார்க்க!

1867 இல் 19 ஏக்கரில் தேயிலை நட்டார். அப்போது இலங்கை முழுக்கக் கோப்பிதான் ராஜா. தேயிலையெல்லாம் வீண்வேலை என்று நினைத்த காலம். டெய்லர் யாரோடும் வாதம் பண்ணியதாகத் தெரியவில்லை. பங்களா விறாந்தையில் மேசை போட்டு, கொழுந்தைக் கையால் உருட்டவைத்து, மண் அடுப்பில் கரி மூட்டி, கம்பித் தட்டுகளில் காயவைத்தார். தேயிலை சரிவரவில்லையென்றால் மறுபடி செய்துபார்த்தார். 1872 இல் நீர்ச்சக்கரத்தில் ஓடும் உருட்டு இயந்திரத்தோடு ஒரு தொழிற்சாலை எழும்பியது. அந்த இயந்திரமும் அவர் தாமே அமைத்தது. அடுத்த வருடம் 23 இறாத்தல் தேயிலை லண்டனுக்குப் போனது.

இதற்கிடையில் 1869 இல் கோப்பி இலையில் துருநோய் வந்துவிட்டது. கொஞ்சம் கொஞ்சமாகப் பரவி, அடுத்த இருபது வருடத்துக்குள் கோப்பியையே துடைத்துவிட்டது. துரைமார் பலர் கடனில் மூழ்கினார்கள், தோட்டங்களை விட்டுவிட்டுக் கப்பலேறினார்கள். கோப்பிக்குக் கடன் கொடுத்த ஓரியண்டல் வங்கி 1884 இல் விழுந்தது. டெய்லர் இருந்த இடத்திலேயே இருந்தார். அவர் கையில் சிங்கோனா இருந்தது, தேயிலையும் இருந்தது. நாடு தேயிலைக்கு மாறியபோது எல்லோரும் பார்த்துப் படிக்க லூல்கந்துரை தயாராக நின்றது.

1890 இல் கிளாஸ்கோ வியாபாரி தோமஸ் லிப்டன் வந்தார். தோட்டங்களை வாங்கினார், பெட்டியில் தன் பெயரைப் போட்டார், உலகமெல்லாம் விளம்பரம் செய்தார். இன்று லிப்டனைத் தெரியாதவர் இல்லை. டெய்லரைத் தேடிப்பிடித்துத்தான் அறிய வேண்டும். அவருக்கு அதில் வருத்தம் இருந்ததாக எந்த அடையாளமும் இல்லை. அந்த அடக்கம்தான் அவரைப் பற்றிப் படிக்கிறவர்களை இழுக்கிறது, என்னையும் சேர்த்து.

ஆனால் இந்த நிதானம் யாருடைய முதுகில் உட்கார்ந்திருந்தது என்பதையும் பார்க்க வேண்டும். காடு வெட்டியவர்கள், கொழுந்து உருட்டியவர்கள், அடுப்பு மூட்டியவர்கள் கூலிகள். கோப்பிக் காலத்தில் தமிழ்நாட்டிலிருந்து கடல் கடந்து, மன்னார்க் காட்டு வழியாக மாத்தளைக்கு நடந்து வந்தவர்களில் எத்தனையோ பேர் வாந்திபேதியிலும் காய்ச்சலிலும் வழியிலேயே செத்தார்கள். வந்து சேர்ந்தவர்களுக்கு விடிகாலைப் பிரட்டு, கங்காணியிடம் பட்ட கடன். கோப்பி விழுந்தபோது துரைமாருக்கு நட்டம், தொழிலாளிக்குச் சம்பளப் பாக்கி. நோய் வந்தபோது பதறாமல் இருக்கும் வசதி லயத்துக்குள் யாருக்கும் கிடைக்கவில்லை.

இன்னொன்றும் நடந்தது. கோப்பிக்குப் பழம் பறிக்கும் பருவத்தில்தான் ஆள் அதிகம் வேண்டும். பலர் வந்து, பறித்து, ஊருக்குத் திரும்பிவிடுவார்கள். தேயிலைக்கு வருடம் முழுக்கக் கொழுந்து எடுக்க வேண்டும். அதனால் குடும்பங்கள் லயங்களிலேயே தங்கின, பிள்ளைகள் அங்கேயே பிறந்தார்கள். மலையகத் தமிழர் இந்த மண்ணில் வேர்விட்டதற்கு அந்த 19 ஏக்கரும் ஒரு காரணம்.

டெய்லருக்குக் கடைசியில் ஒரு சோதனை வந்தது. 1892 இல் தோட்டத்தின் உரிமையாளர்கள் அவரை ஆறுமாத விடுப்பில் போகச் சொன்னார்கள். அது வெளியேற்றம்தான் என்று அவருக்குப் புரிந்தது. 16 வயதில் வந்து, காடாய்க் கிடந்த இடத்தைத் தோட்டமாக்கியவர். போகமாட்டேன் என்றுவிட்டார். சண்டையில்லை, ஆர்ப்பாட்டமில்லை, போகவில்லை, அவ்வளவுதான். வயிற்றுளைச்சல் கண்டு அதே வருடம் மே 2 ஆம் திகதி தோட்டத்திலேயே இறந்தார். வயது 57.

கனத்த உடம்பு, 246 இறாத்தல். உடலைக் கண்டிக்குக் கொண்டுபோக 24 பேர் வேண்டியிருந்தது. பன்னிரண்டு பன்னிரண்டு பேராக, நான்கு மைலுக்கு ஒருதரம் தோள் மாற்றிச் சுமந்தார்கள். கங்காணிமாரும் தொழிலாளர்களும் பின்னால் நடந்தார்கள். சாமித்துரை என்று சொல்லி அழுதார்கள் என்று எழுதிவைத்திருக்கிறார்கள். பயத்தினாலா, பழக்கத்தினாலா, உண்மையான அன்பினாலா என்று இன்றிருந்து தீர்ப்புச் சொல்ல முடியாது. மூன்றும் கலந்திருக்கலாம். கண்டி மஹய்யாவ மயானத்தில் அவருக்குக் கல் இருக்கிறது, தேயிலைக்கும் சிங்கோனாவுக்கும் முன்னோடி என்று அதில் பொறித்திருக்கிறது. சுமந்தவர்களின் பெயர் அதில் இல்லை.

போகமாட்டேன் என்று சொல்லும் அந்த வசதியும் தோட்டத்து மக்களுக்குக் கிடைக்கவில்லை. 1948 பிரஜாவுரிமைச் சட்டம் அவர்களை நாடற்றவர்களாக்கியது. 1964 இல் சிறிமாவோ பண்டாரநாயக்கவும் லால் பகதூர் சாஸ்திரியும் கையெழுத்திட்ட ஒப்பந்தத்தில் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு என்று பங்கு பிரிக்கப்பட்டது. மீதி ஒன்றரை இலட்சம் பேர் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று ஒத்திவைக்கப்பட்டார்கள். டெய்லரின் நாற்பது வருடத்தைவிட நீண்ட காலம், தலைமுறை தலைமுறையாக அங்கே இருந்தவர்கள் கப்பலேற்றப்பட்டார்கள். 1977 கலவரத்தில் அடிபட்டுத் தோட்டங்களை விட்டு வவுனியாவுக்கும் கிளிநொச்சிக்கும் போய்க் காடு வெட்டிக் குடியேறியவர்கள், பிறகு யுத்தத்தில் அங்கிருந்தும் மூட்டை கட்டினார்கள். 2009 இல் முள்ளிவாய்க்கால் வரைக்கும் நடந்தவர்களிலும் தேயிலை மலையில் பிறந்தவர்கள் இருந்தார்கள்.